சொல்லாத உதுமான்

நாவாய்ப்பட்டினம் கடைத்தெருவில் பெயிண்ட் கடை வைத்திருந்த உதுமான் கனி, தன் மனைவி சபூராவைப் பார்த்துத் தலாக் என்று சொன்ன மத்தியானம், சொன்ன வாயை அவன் மூடுவதற்குள், அவன் முதுகுக்குப் பின்னாலிருந்து அதே கட்டம் போட்ட கைலியும் அதே வெள்ளைத் தொப்பியும் அதே பச்சை பெயிண்ட் தெறித்த பனியனுமாக இன்னொரு உதுமான் கனி விலகி வந்து நின்று, "நான் அப்படி ஒண்ணும் சொல்லலையே" என்றான்.

சபூரா இருவரையும் மாறி மாறிப் பார்த்தாள். வடித்த சோறு பத்தாது என்பதுதான் அவளுக்கு முதலில் தோன்றியது.

காரணம் பெரிதாக ஒன்றுமில்லை. பல வருஷமாக நடக்காமல் கிடந்த பஞ்சாயத்துத் தேர்தல் அந்த வருஷம்தான் நடந்தது. உதுமான் கனியின் அண்ணன் ஜபருல்லா காக்கா வார்டு மெம்பருக்கு நின்று, ஒரே ஒரு ஓட்டில் தோற்றுப்போனார். நூறு ஓட்டில் தோற்றவர் ஊரைத் திட்டிவிட்டுத் தூங்கப் போகலாம். ஒரு ஓட்டில் தோற்றவர் குடும்பத்துக்குள்தான் தேட வேண்டும். தேடினார்கள். மற்ற பெண்களெல்லாம் கிதாபின் மேல் அடிக்காத குறையாகச் சத்தியம் பண்ணினார்கள். பெண்கள் பள்ளிக்கூடத்தில் புவியியல் நடத்தும் சபூரா மட்டும், வடக்கு எது என்று கேட்டால் வடக்கைக் காட்டும் பழக்கத்தில், உள்ளதைச் சொன்னாள்.

"ஆமாங்க, நான் காக்காவுக்குப் போடல. எதுத்து நின்ன அந்தோணியம்மா சாக்கடை கட்டித் தாறேன்னு சொன்னாக. காக்கா ஊர் மானத்தைக் காப்பாத்தித் தாறேன்னு சொன்னாக. நம்ம வாசல்ல நாறுறது மானமா, சாக்கடையா? நீங்களே சொல்லுங்க."

உதுமான் கனி சொன்னான். அவன் சொன்னது சாக்கடையைப் பற்றி அல்ல.

அந்த ஊர் வழக்கப்படி வீடு பெண்ணுக்குத்தான். மாப்பிள்ளை பெட்டியோடு வந்து குடியேறுவார். வார்த்தை முறிந்தால் பெட்டியோடு கிளம்புவார். எனவே சொன்ன உதுமான் பெட்டியைத் தூக்கிக்கொண்டு இரண்டு தெரு தள்ளியிருந்த உம்மா செய்னம்பு வீட்டுக்குப் போனான். சொல்லாத உதுமான் கையைக் கழுவிவிட்டுச் சாப்பிட உட்கார்ந்தான். சபூரா மீன் ஆணத்தை ஊற்றினாள். எதிரே இருந்தது அவள் புருஷன்தான். ஆனால் தலாக் என்று சொன்னதும் அந்த முகம்தானே என்று பார்த்துக்கொண்டே இருந்தாள். அவனோ முள்ளை ஒதுக்குவதில் கவனமாக இருந்தான்.

ஊருக்கு விஷயம் அஸர் தொழுகைக்குள் தெரிந்துவிட்டது. ஒரே ஆள் முதல் வரிசையிலும் கடைசி வரிசையிலும் நின்று தொழுவதைப் பார்த்தவர்கள், தொழுகை முடிந்த பிறகு, யார் முதலில் வந்தது என்று மட்டும் கேட்டார்கள். நாவாய்ப்பட்டினத்துக்காரர்கள் கடல் தாண்டிப் பல தேசம் பார்த்தவர்கள். ஒரு மனிதன் இரண்டாகப் போனதற்கெல்லாம் வாயைப் பிளந்து நின்றால் வியாபாரம் என்னாவது? இரண்டு பேருக்கும் எப்படிச் சலாம் சொல்வது, கந்தூரிச் சோறு ஒரு சட்டியா இரண்டு சட்டியா, ஜனாஸா என்று வந்தால் எந்த வீட்டிலிருந்து எடுப்பது என்பது போன்ற உருப்படியான விஷயங்களில்தான் அவர்கள் மனம் போயிற்று. பார்பர் கடையில், ஒருவனுக்கு முடி வெட்டினால் மற்றவனுக்கும் குறைகிறதா என்று சோதித்துப் பார்த்தார்கள். குறையவில்லை. பார்பருக்கு ரொம்பத் திருப்தி.

பெயிண்ட் கடையை இருவரும் சேர்ந்தே பார்த்தார்கள். சொன்ன உதுமான் ஒரு விலை சொல்லுவான். டப்பாவை எடுத்துக் கட்டும்போது சொல்லாத உதுமான் வந்து, நான் அப்படிச் சொல்லலையே என்பான். அப்படியே கடை முன்னைவிட நன்றாக ஓடியது. ஒருவன் கொழும்புக்குப் போகலாம், ஒருவன் வீட்டில் இருக்கலாம், இது நல்ல ஏற்பாடுதான் என்று ஊர் ஆண்களில் சிலருக்கு ஆசையும் வந்தது. தோப்புப் பக்கம் தனியாகப் போய் அந்த வார்த்தையை முணுமுணுத்துப் பார்த்தார்கள். ஒன்றும் நடக்கவில்லை. அதில் ஒருவருடைய மனைவி அதே தோப்பில் விறகு பொறுக்கிக்கொண்டிருந்தாள் என்பதால் அவருக்கு மட்டும் கொஞ்சம் நடந்தது.

ஜமாஅத் கூடியது. தலைவர் நெய்னா ஹாஜியார் பிரச்சினைகளை விரும்புகிறவர். ஒரு பிரச்சினையைத் தீர்த்துவிட்டால் அடுத்தது வரும்வரை அவருக்குப் பசி எடுக்காது என்பதால் எதையும் சட்டென்று தீர்த்துவிட மாட்டார். பக்கத்தில் காஜியார் உட்கார்ந்திருந்தார். அவர் மார்க்கச் சட்டம் முழுக்கப் படித்தவர், ஆனால் தலைவர் பேசி முடித்த பிறகுதான் பேசுவார். தலைவர் இதுவரை பேசி முடித்ததில்லை. பெண்கள் பக்கத்துத் திரைக்குப் பின்னால் சபூரா தரையில் உட்கார்ந்திருந்தாள்.

"ஒரு தலாக்தானே சொன்னான். அந்தப் புள்ள இத்தா இருக்கிற மூணு மாசம் முடியுமுன்ன திரும்ப எடுத்துக்கிடலாம்" என்றார் தலைவர். "என்னப்பா, எடுத்துக்கிடுறியா?"

"நான் சொன்னா சொன்னதுதான்" என்றான் சொன்ன உதுமான், நெஞ்சை நிமிர்த்தி. "ஆம்பள வாக்கு."

"அப்ப நீ எடுத்துக்கிடுறியா?"

"எடுத்துக்கிடலாம் ஹாஜியார்" என்றான் சொல்லாத உதுமான். "ஆனா நான்தான் சொல்லவே இல்லையே. சொல்லாததை எங்கிட்டு இருந்து எடுக்க?"

எடுக்க வேண்டியவன் எடுக்க மாட்டான், எடுக்கத் தயாராக இருப்பவனிடம் எடுக்க ஒன்றுமில்லை. சபையில் இரண்டு பேர் பாராட்டும் விதமாகத் தலையாட்டினார்கள். கடைசியில் தலைவர் தீர்ப்புச் சொன்னார்: சபூரா ஒரு உதுமானுக்குத் தலாக் ஆனவள், எனவே இத்தா இருக்க வேண்டும், வாசல்படி தாண்டக் கூடாது, பள்ளிக்கூடத்துக்குப் போகக் கூடாது, இன்னொரு உதுமானுக்கு அவள் மனைவி, எனவே சமைக்க வேண்டும், துவைக்க வேண்டும், அவன் சொல்லுக்குக் கட்டுப்பட வேண்டும். இரண்டு பக்கமும் நியாயம் செய்யப்பட்டதாகச் சபை கலைந்தது. பள்ளிக்கூடமும் ஜமாஅத்தின் நிர்வாகம்தான் என்பதால், டீச்சர் இல்லாமல் பிள்ளைகள் படிப்பு கெடக் கூடாது என்ற நல்லெண்ணத்தில், தலைவரின் மருமகளை மறுநாளே அந்த இடத்தில் போட்டார்கள். அந்தப் பெண் முதல் வாரத்திலேயே இமயமலையைத் தெற்கே இறக்கிவிட்டதாகப் பிள்ளைகள் வந்து சொன்னார்கள்.

சபூராவுக்கு அன்றுதான் அழுகை வந்தது. தலாக் சொன்னபோது வராத அழுகை.

செய்னம்புவுக்கோ நல்ல காலம். கல்யாணமாகிப் போன மகன் பெட்டியோடு திரும்பி வந்தது மட்டுமல்ல, மருமகளுக்கும் ஒன்று குறையாமல் கொடுத்தாயிற்று என்பதால் மனசாட்சிக் குத்தலும் இல்லை. "எம் மவன் சொன்ன சொல் தவறமாட்டான்" என்று தெருவெல்லாம் சொல்லிக்கொண்டு, அவனுக்கு வேறு பெண் பார்க்கவும் தொடங்கினாள். பெண் வீட்டார், மாப்பிள்ளைக்கு ஏற்கெனவே மனைவி உண்டா என்று கேட்டால், "இவனுக்கு இல்ல" என்பாள். அவள் சொன்னதில் பொய்யும் இல்லை.

வீட்டில் இருந்த சொல்லாத உதுமான் நாளாக நாளாக மிகவும் சாதுவாகிப்போனான். கேஸ் சிலிண்டருக்குச் சொல்லச் சொன்னேனே, சொன்னீங்களா? சொல்லலையே. பள்ளிக்கூடத்து விஷயமா ஹாஜியார்கிட்ட ஒரு வார்த்தை சொன்னீங்களா? சொல்லலையே. உங்க உம்மா என்னைப் பத்தி ஊரெல்லாம் பேசுறாகளே, நீங்க ஒண்ணும் சொல்லலையா? அவன் பரிதாபமாகப் பார்த்து, "நான் என்னைக்கு என்ன சொன்னேன் சபூரா?" என்பான். உண்மைதான். அவன் ஒன்றும் சொல்லவில்லை. தலாக் சொன்னவனையாவது இன்ன இடத்தில் நிற்கிறான் என்று விரல் நீட்டிக் காட்டலாம். இவனைத் தேடிப் பிடித்துத் திட்டுவதற்குக்கூட அவனுக்குள் யாரும் இல்லை. தான் இத்தனை வருஷமும் இந்த இருவரோடும்தான் குடும்பம் நடத்தியிருக்கிறோம், இப்போது தனித்தனியாகப் பார்க்கிறோம், அவ்வளவுதான் என்று ஒருநாள் துணி காயப்போடும்போது அவளுக்குத் தோன்றியது. கையிலிருந்த பனியனைக் கொடியில் போடாமல் வாளியிலேயே போட்டாள். நேராக உள்ளே போய், பள்ளிவாசலில் பாங்கு சொல்லும் மோதினாரின் மனைவி வழியாக ஜமாஅத்துக்குச் சொல்லியனுப்பினாள்: எனக்குக் குலா வேண்டும். நானே கேட்கிறேன். என்னைப் பிரித்துவிடுங்கள்.

வெள்ளிக்கிழமை ஜும்ஆ முடிந்ததும் ஜமாஅத் மறுபடி கூடியது. அந்த வாரம் வெளியூர் வேலை இருந்தவர்களும் வேலையை ஒத்திப்போட்டுவிட்டு வந்திருந்தார்கள்.

"பொம்பள கேக்குறதாவது, கொடுக்கிறதாவது" என்றார் நெய்னா ஹாஜியார், திரையைப் பார்த்துச் சிரித்துக்கொண்டே. "தங்கச்சி, நம்ம ஊர்ல அப்படி வழக்கமே இல்லியே."

"மார்க்கத்துல இருக்குதுங்களே" என்றது திரை.

"மார்க்கத்துல நிறைய இருக்கும்மா. ஊர்ல எது இருக்குன்னு நாங்கதான் பாக்கணும்."

காஜியார் தொண்டையைச் செருமினார். தலைவர் அவருக்குத் தண்ணீர் கொடுக்கச் சொன்னார். பிறகு தாடியைத் தடவி யோசித்து, எல்லோருக்கும் மரியாதையான ஒரு வழியைக் கண்டுபிடித்தார்: பெண் கேட்டுப் பிரிவது ஊருக்கு இழுக்கு, எனவே சொல்லாத உதுமானும் ஒரு வார்த்தை சொல்லிவிடட்டும். ஆண் சொல்லிப் பிரிந்தது போலவும் இருக்கும், பெண் கேட்டது கிடைத்தது போலவும் இருக்கும். சபை இதை வெகுவாக ரசித்தது. சொல்லாத உதுமான் எழுந்து நின்று, யார் முகத்தையும் பார்க்காமல், சன்னமாகத் தலாக் என்றான்.

அவன் பின்னாலிருந்த தூண் மறைவிலிருந்து ஒரு உதுமான் கனி வெளியே வந்தான். "நான் சொல்லலையே" என்றான்.

"இது ஏதோ கைதவறி நடந்துபோச்சு" என்றார் தலைவர். "நீ சொல்லுப்பா." அவன் சொன்னான். தண்ணீர்ப் பானைப் பக்கத்திலிருந்து இன்னொருவன் வந்தான். அவனையும் சொல்லச் சொன்னார்கள். தலைவர் தாம் போட்ட வழியிலிருந்து இறங்கத் தெரியாதவர். இன்னொரு தரம், இன்னொரு தரம் என்று அவர் சொல்லச் சொல்ல, உதுமான் கனிகள் சொல்லச் சொல்ல, சொன்னவர்கள் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு ஒரு பக்கம் போய் நிற்க, சொல்லாத ஒருவன் எங்கிருந்தாவது கைலியை மடித்துக் கட்டிக்கொண்டு வர, கூடம் நிரம்பி, வராந்தா நிரம்பி, செருப்பு விடும் இடம் வரைக்கும் பச்சை பெயிண்ட் தெறித்த பனியன்களாக ஆயிற்று. வெயில் சரிந்து அஸர் பாங்கும் சொல்லியாயிற்று. தொழுகைக்குமுன் கை கால் கழுவி ஒளூச் செய்யும் தொட்டியில் தண்ணீர் தீர்ந்தது. தொழுதுவிட்டு வந்து மறுபடியும் ஆரம்பித்தார்கள். வாசலில் நின்று பார்த்த செய்னம்பு முதலில் ஒவ்வொருவனுக்கும் திருஷ்டி கழித்தாள், பிறகு விரல் விட்டு எண்ணினாள், பிறகு, இத்தனை பேருக்கும் ராத்திரிச் சாப்பாடு தன் வீட்டில்தான் என்பது உறைத்ததும் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு, "போதும் ஹாஜியார், நிறுத்துங்க, எனக்கு ஒருத்தனே போதும்!" என்று அலறினாள்.

நெய்னா ஹாஜியார் அப்போதுதான் வாழ்க்கையில் முதல் தடவையாகப் பேசி முடித்தார். பேச அவரிடம் ஒன்றும் மிச்சமில்லை. துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டு பக்கத்தில் பார்த்தார்.

காஜியார் ரொம்ப நாளாகக் காத்திருந்தவர் போல உடனே நிமிர்ந்து உட்கார்ந்தார். அவருடைய குரல் எப்படியிருக்கும் என்றுகூடப் பலருக்குத் தெரியாது. கணீரென்று இருந்தது.

"இவன் எத்தனை தரம் சொன்னாலும் சொல்லாத ஒருத்தன் மிஞ்சுவான். ஆகையினாலே இவன் சொல்லி இது முடியாது. அந்தப் புள்ளதான் சொல்லணும். அதுக்கு வழி இருக்கு. அன்னைக்கே இருந்துச்சு."

"புருஷன் சம்மதிக்கணுமே" என்றார் கூட்டத்தில் ஒருவர், கடைசி நம்பிக்கையாக.

"கேப்போம்" என்றார் காஜியார். சொன்ன உதுமான்களை எல்லாம் ஓரமாகத் தள்ளி நிறுத்தச் சொன்னார். அவர்களுக்கு இதில் பேச இடமில்லை, அவர்கள் ஏற்கெனவே பேசிவிட்டவர்கள். கடைசியாக வந்த, இன்னும் சொல்லாத உதுமான் கனியை எதிரே உட்கார வைத்தார். "தம்பி, உன் மனைவி குலா கேக்குறா. நிக்காஹ்ல நீ கொடுத்த மஹரைத் திருப்பித் தாறேங்குறா. உனக்குச் சம்மதமா?"

உதுமான் கனி தரையைப் பார்த்தான். தலைவரைப் பார்த்தான். உம்மாவைப் பார்த்தான். வாயைத் திறந்தான், மூடினான். காஜியார் இரண்டாம் தடவை கேட்டார். அவன் கைலி ஓரத்தை விரலில் சுற்றிக்கொண்டிருந்தான். மூன்றாம் தடவை கேட்டார். ஒன்றும் சொல்லவில்லை.

"சரி" என்றார் காஜியார். "நிக்காஹ் அன்னைக்குக் குமர்ப்பிள்ளைகிட்ட சம்மதமான்னு கேக்குறோம். அது வெக்கப்பட்டுப் பேசாம இருந்தா, பேசாததே சம்மதம்னு எழுதிக்கிடுறோம். இத்தனை வருஷமா ஊர்ல அத்தனை பொம்பளப் புள்ளைகளுக்கும் அப்படித்தான் எழுதியிருக்கேன். இன்னைக்கு ஒரு தடவை மாப்பிள்ளைக்கும் எழுதிக்கிடுறேன். மவளே, நீ சொல்லு."

நெய்னா ஹாஜியார், இப்படி விட்டால் நாளைக்கு ஊர்ப் பெண்களெல்லாம் என்று ஏதோ தொடங்கினார். பெண்கள் பக்கத்தில் எத்தனை பேர் உட்கார்ந்திருக்கிறார்கள் என்பது திரையின் கீழே தெரிந்த கால்களிலிருந்து அவருக்கு உறைத்ததால், தொடங்கியதை இருமலாக மாற்றிக்கொண்டார்.

சபூரா எழுந்து நின்றாள். பள்ளிக்கூடத்தில் கடைசி பெஞ்சுக்கும் கேட்கும்படி பேசிப் பழகிய குரல். "எனக்கு இந்த நிக்காஹ் வேண்டாம். நான் இதிலிருந்து விலகிக்கிறேன்" என்றாள். சொல்லிவிட்டு மூச்சை விட்டாள். அவள் பின்னாலிருந்தும் யாராவது வருகிறார்களா என்று பக்கத்திலிருந்த பெண்கள் அவள் முதுகைத் திரும்பிப் பார்த்தார்கள். சுவர்தான் இருந்தது. மஹராகப் போட்ட ஒற்றைச் சங்கிலியைக் கழற்றித் திரைக்கு மேலாக நீட்டினாள். கூடத்திலிருந்து அத்தனை உதுமான் கனிகளும் கையை நீட்டினார்கள். காஜியார் அதை வாங்கிச் செய்னம்புவிடம் கொடுத்தார். அன்றிரவுச் சாப்பாட்டுச் செலவுக்கே அது பத்தாது என்று பிறகு ஊரில் பேசிக்கொண்டார்கள்.

உதுமான் கனிகள் ஒன்றாகச் சேர்ந்துவிடவில்லை. சேருவார்கள் என்று சிலர் வாசலில் காத்திருந்தார்கள், சேரவில்லை. நாலைந்து பேர் கொழும்புக்கும், சிலர் மலேசியாவுக்கும், ஒருவன் எங்கே போனான் என்று தெரியாமலும் போனார்கள். நாவாய்ப்பட்டினத்து ஆண்கள் போகிற இடங்கள்தான், எண்ணிக்கைதான் கொஞ்சம் அதிகம். மிச்சமிருந்தவர்களுக்குச் செய்னம்பு இன்றுவரை ஆக்கிப் போடுகிறாள். காஜியாரை வெள்ளிக்கிழமைகளில் தேடி வரும் பெண்கள் அதிகமாகிவிட்டார்கள். எல்லோரும் விலகிக்கொள்ள வருவதில்லை, சிலர் அந்த வாசகத்தைச் சரியாகத் தெரிந்து வைத்துக்கொள்ள மட்டுமே வருகிறார்கள். வீட்டில் அவர்களுடைய புருஷன்மார் கொஞ்ச நாளாக மரியாதையாகப் பேசுவதாகக் கேள்வி.

சபூரா இத்தாவை முறைப்படி தன் வீட்டில் இருந்து முடித்தாள். அது அவளுக்கே உரிய இத்தா என்பதால் ஒரு நாள்கூடப் பாரமாகத் தெரியவில்லை. பிள்ளைகளின் உம்மாமார்கள் திரண்டு போய்க் கேட்டதில், இமயமலை பழைய இடத்துக்கே போகும்படி ஆயிற்று.

அவள் வேலைக்குத் திரும்பிய முதல் மாதத்தில், ஒரு சாயங்காலம், அந்தக் கடைசி, சொல்லாத உதுமான் கனி வாசலுக்கு வந்தான். விட்டுப்போன குடையைக் கேட்டான். எடுத்துக்கொடுத்தாள். வாங்கிக்கொண்ட பிறகும் போகாமல் நின்றான். அவன் அவளிடம் எதையாவது கேட்க நினைத்து அவள் பார்த்ததே இல்லை என்பதால், அவளும் கதவில் கைவைத்தபடி நின்றாள்.

"எங்கள்ல ஒருத்தன் சொல்லுறப்ப எல்லாம், சொல்லாதவன் ஒருத்தன் வந்துக்கிட்டே இருந்தான்" என்றான். "நீ சொன்னப்ப உனக்கு ஏன் ஒருத்தியும் வரல?"

சபூரா யோசித்தாள். வகுப்பில் நல்ல கேள்வி கேட்ட பிள்ளைக்குப் பதில் சொல்வதுபோல், கோபமில்லாமல் சொன்னாள்.

"வர்றதுக்கு யாரும் மிச்சமில்லைங்க. நாங்க எல்லாருமாச் சேர்ந்துதான் சொன்னோம்."

அவன் குடையை விரித்தான். மழை இல்லை. விரித்த குடையோடு தெருக்கோடி வரை போய் அவன் திரும்பியதும், அவள் கதவைச் சாத்தினாள்.